வேறொருவன் பெயரில் ஓடியவர்

பந்தெலிஸின் இடது காதில் மேல்பாதி இல்லை. அவரை முதன்முறை சந்திப்பவர்களின் கண் அங்கேதான் போகும். போனதும் வேறு பக்கம் திரும்பும். கெல்சென்கிர்ச்சனில், மூடிப்போன நிலக்கரிச் சுரங்கம் ஒன்றின் அருகே அவருடைய மகன் ஒரு கிரேக்க உணவகம் நடத்துகிறான். அதன் சமையலறையில், கவிழ்த்துப் போட்ட பியர்ப் பெட்டியில் இருந்துகொண்டு கிழவர் வெங்காயம் உரிப்பார். அந்த வேலையை யாரும் அவருக்குக் கொடுக்கவில்லை. மாடியில் தனியே இருக்க முடியாமல் இறங்கி வருவார். எண்பத்தேழு வயது. சுரங்கத் தூசி நெஞ்சுக்குள் தங்கிவிட்டதால் நாலு வெங்காயத்துக்கு ஒருமுறை நிறுத்தி மூச்சு வாங்குவார்.

அந்தச் சமையலறையில் நாங்கள் மூன்று தமிழர். அடுப்பில் நின்றவர் ஜேசுரட்ணம் அண்ணை, மன்னாரில் பேசாலை. சலாட் வெட்டியவர் கமலாம்பிகை அக்கா, சுன்னாகம். கோப்பை கழுவியதும் கழிவறை துடைத்ததும் நான். முப்பது வருடத்துக்கு மேலாக எங்கள் ஆட்களோடு இருந்ததில் கிழவருக்கு எங்கள் பேச்சும் கொஞ்சம் வரும். "வாடா", "போடா விசரா", "ஓம்", "பசிக்குது". மற்றதெல்லாம் ஜேர்மன். அவருடைய ஜேர்மனும் எங்களுடையதைப் போல முறிந்ததுதான். ஆகவே அவர் பேசியதை எங்கள் பேச்சிலேயே எழுதுகிறேன். நாங்கள் அவரைப் பப்பூ என்று கூப்பிட்டோம். கிரேக்கர் தாத்தாவைக் கூப்பிடும் சொல் அது.

பப்பூ ஓட்டக்காரர். கிரேக்கத்தின் வடக்கே மலைக்குள் இருக்கும் ஒரு சிறு பட்டணத்தில் பிறந்தவர். அந்த நாட்டில் உள்நாட்டுப் போர் நடந்தபோது அவருடைய தகப்பன் தோற்ற பக்கத்தில் நின்றார். மகனுக்குப் பன்னிரண்டு வயதாக இருந்தபோது பொலிஸ் நிலையத்துக்குக் கூட்டிப்போய், அப்பா எங்கே என்று கேட்டுக் காதைப் பிடித்துத் திருகினார்கள். திருகிய சார்ஜன்ட் கையை விடவில்லை. காதுதான் விட்டது. தகப்பன் திரும்பி வரவேயில்லை. ஆனால் அவருடைய பெயர் பொலிஸ் பட்டியலில் இருந்தது. அதற்குக் கீழே மகனின் பெயரும் ஏறியது.

அந்தக் காலத்தில் அங்கே எதற்கும் ஒரு கடதாசி வேண்டும். இவர் அரசாங்கத்துக்கு விரோதமில்லாதவர் என்று பொலிஸ் எழுதித் தரும் கடதாசி. ஓட்டக் கழகத்தில் பதியவும் அதைக் கேட்டார்கள். பந்தெலிஸுக்கு அது கிடைக்கவில்லை. மலையிலிருந்து பாற்கட்டி சுமந்து இறங்கும் கூலியாக இருந்தார். முதுகில் சுமையோடு அவர் இறங்கி ஓடும் வேகத்தைக் கழகச் செயலாளர் கண்டார். செயலாளருக்கு ஸ்ரெலியோஸ் குர்த்திஸ் என்று ஒரு மருமகன். பந்தெலிஸின் வயது, கொழுத்த உடம்பு, சுத்தமான கடதாசி. 1957இல் செயலாளர் ஒரு கழக அட்டை எழுதினார். பெயர் ஸ்ரெலியோஸ் குர்த்திஸ். ஒட்டிய படம் பந்தெலிஸ்.

அந்த வருடம் பட்டணத்து வீதியில் இருபது கிலோமீற்றர் ஓட்டத்தில் பந்தெலிஸ் முதலாவதாக வந்தார். பிறகு தெசலோனிக்கியில் ஓடினார். அங்கும் முதலிடம். அந்த நேரத்தைப் பத்தொன்பது வருடம் ஒருவரும் முறியடிக்கவில்லை. கிண்ணத்தோடு நின்ற அவரைப் பத்திரிகைக்காரன் படமெடுத்தான். கீழே ஸ்ரெலியோஸ் குர்த்திஸ் என்று போட்டார்கள். ஊருக்குத் திரும்பிய மறுநாள் செயலாளர் வந்து கிண்ணத்தை வாங்கிக்கொண்டு அரைமூடை மா வைத்துவிட்டுப் போனார். ஓட்ட வீரன் என்பதால் ஸ்ரெலியோஸுக்கு உடற்பயிற்சி ஆசிரியராக அரசாங்க வேலை கிடைத்தது. அவனுடைய கலியாணத்துக்குக் கதிரை தூக்கியவர்களில் பந்தெலிஸும் ஒருவர். பந்தலில் அந்தக் கிண்ணத்தில் பூ வைத்திருந்தார்களாம்.

1961இல் ஜேர்மன் சுரங்கங்களுக்கு ஆள் பிடித்தபோது பொலிஸ் கடதாசி ஒரே நாளில் கிடைத்தது. போய்த் தொலையட்டும் என்று கொடுத்திருப்பார்கள். கெல்சென்கிர்ச்சனில் இருபத்தாறு வருடம் நிலத்துக்குக் கீழே வேலை செய்தார். அதற்குப் பிறகு ஓடவில்லை. ஓட மூச்சு இருக்கவில்லை.

இந்தக் கதையை அவர் எங்களுக்குச் சொன்னது 1998இல். ஒருநாள் மாடியிலிருந்து அந்தக் கழக அட்டையைக் கொண்டுவந்து இறைச்சி வெட்டும் மேசையில் வைத்தார். ஜேசுரட்ணம் அண்ணை கையைத் துடைத்துவிட்டு அதைத் தூக்கி, வெளிச்சத்தில் பிடித்து, படத்தின் ஓரத்தை நகத்தால் தடவினார்.

"பிள்ளையள், இஞ்ச பாருங்கோ! கிழவர் தலை மாத்தினதில ஓடியிருக்கிறார்!"

எங்களுக்கு அதற்குமேல் விளக்கம் தேவைப்படவில்லை. எங்கள் ஆட்களில் பாதிப்பேர் வந்திறங்கியது தலை மாற்றின பாஸ்போர்ட்டில்தான். இன்னொருவனுடைய பாஸ்போர்ட்டில் அவனுடைய படத்தைக் கழற்றிவிட்டு எங்கள் படத்தை ஒட்டுவான் ஏஜென்சிக்காரன். அவன் சொல்லித் தந்த பெயர், அவன் சொல்லித் தந்த பிறந்த நாள். கமலாம்பிகை அக்கா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்.

"அம்மாளே! நாங்கள்தான் கண்டுபிடிச்சதெண்டு நினைச்சிருந்தன். வெள்ளையள் எங்களுக்கு முதலே செய்திருக்கினம்."

"எங்கட ஏஜென்சி இதைவிடத் திறமா ஒட்டுவான்," என்றார் அண்ணை. "இது கோந்து வழிஞ்சு கிடக்கு."

பந்தெலிஸுக்கு எதற்குச் சிரிக்கிறோம் என்று விளங்க நேரமெடுத்தது. விளங்கியதும் அவருக்குப் பெரிய ஆறுதல். நாற்பது வருடமாக யாரிடமும் சொல்லாத வெட்கத்தைச் சொன்னால் சிரிக்கக்கூடிய மூன்றுபேர் கிடைத்தார்கள். அன்றுதான் ஜேசுரட்ணம் அண்ணையும் தன் கதையைச் சொன்னார். 84இல் பிரான்ஸில் சொந்தப் பெயரில் அகதியாகப் பதிய, நிராகரித்துவிட்டார்கள். அடுத்த வருடம் கிழக்கு பேர்லினில் வந்திறங்கி, ரயிலில் மேற்குக்குக் கடந்து, முதற்கண்ட ஸ்ரேசன் கழிவறையில் பாஸ்போர்ட்டைக் கிழித்துத் தண்ணீரை இழுத்துவிட்டார். பிறகு அலுவலகத்தில் தன்னோடு படித்த ஒருவனின் பெயரைச் சொன்னார்: பிலிப்புப்பிள்ளை சேவியர். இன்றுவரை கடதாசியில் அவர் சேவியர்தான். மகள் லவினியாவின் பெயருக்குப் பின்னாலும் அதுவே. சமையலறையில் மட்டும் ஜேசு.

"அப்ப நீயும் வேற ஆள்," என்றார் கிழவர்.

"ஓம் பப்பூ. நானும் வேற ஆள்தான்."

அட்டையை மாடியில் வைத்திருந்தால் மகன் கிழித்துப் போடுவான் என்று கிழவர் அதை அண்ணையிடம் கொடுத்துவைத்தார். அண்ணை அதைப் பேர்ஸுக்குள், மடுமாதா படத்துக்குப் பின்னால் சொருகினார். இருபத்தாறு வருடம் அது அங்கேயே இருந்தது.

மகன் வாங்கெலிஸைப் பற்றியும் சொல்ல வேண்டும். அவன் பிறந்தது ஊரில். தாயும் தகப்பனும் கெல்சென்கிர்ச்சனில் உழைக்க, பன்னிரண்டு வயதுவரை சித்தி வீட்டில் வளர்ந்தான். அந்தக் காலத்தில் கிரேக்கர் பலர் பிள்ளைகளை அப்படித்தான் விட்டுவிட்டு வந்தார்கள். அவன் அதை மன்னிக்கவில்லை. தகப்பனுக்குக் கோப்பியை மேசையில் வைக்கமாட்டான். தள்ளி நின்று நீட்டுவான், கிழவர் எழுந்து வந்து வாங்க வேண்டும். "ஓட்டக்காரன்தானே, வா," என்பான்.

ஆனால் தகப்பனின் ஓட்டத்தை அவன் நன்றாகப் பயன்படுத்தினான். அந்தப் பழைய பத்திரிகைப் படத்தைப் பெரிதாக்கி, கீழேயிருந்த பெயரை வெட்டி, உணவகச் சுவரில் மாட்டி, பிளாஸ்ரிக் இலை வளையம் சுற்றினான். கீழே ஜேர்மனில் எழுதுவித்தான்: ஒலிம்பிக் வீரர் பந்தெலிஸ். கிழவர் ஒலிம்பிக்கை ரீவியில்கூட ஒழுங்காகப் பார்த்ததில்லை. சனிக்கிழமைகளில் நீல விளையாட்டு உடை போட்டு அவரை வாசலில் இருத்துவான். வருபவர்கள் பக்கத்தில் நின்று படம் எடுப்பார்கள்.

"அந்தக் காது எந்தப் போட்டியில் போனது?" என்று ஒருமுறை ஒரு ஜேர்மன்காரர் கேட்டார்.

"இடையில் குத்துச்சண்டையும் செய்தவர்," என்றான் வாங்கெலிஸ். முழு மேசையும் சிரித்தது. கிழவரும் சிரிப்பதுபோலப் பல்லைக் காட்டினார்.

அந்தப் படத்தைக் கண்டுதான் உள்ளூர் ஓட்டக் கழகமொன்று ஒவ்வொரு வருடமும் தன் விருந்தை அங்கே வைத்தது. கிழவருக்குக் கண்ணாடியில் ஒரு கேடயமும் கொடுத்தார்கள். அதைக் கொடுத்த நாளில் அவர் சமையலறைக்கு வந்து, வெங்காயத் தோல் வாளிக்குள் அதை வைத்துவிட்டுப் போனார். நான் எடுத்துக் கழுவித் திரும்ப வைத்தேன்.

2024 தை மாதம் ஊரிலிருந்து ஒரு கடிதம் வந்தது. எழுதியவர் டிமித்ரா என்ற பெண். அந்தப் பட்டணத்து நகரசபையில் பழைய வரலாறுகளைச் சேர்ப்பவர். ஸ்ரெலியோஸ் குர்த்திஸ் இறந்துவிட்டாராம். மைதானத்துக்கு அவருடைய பெயரை ஆனி மாதம் வைக்கப்போகிறார்களாம். அவருடைய வாழ்க்கையை ஒரு சிறு புத்தகமாகவும் போடுகிறார்களாம். அக்காலத்தில் கழகத்தோடு திரிந்தவர்களில் உயிரோடு இருப்பது பந்தெலிஸ்தான் என்று கேள்விப்பட்டேன், மாசியில் ஜேர்மனிக்கு வருகிறேன், சந்திக்கலாமா என்று கேட்டிருந்தார். புத்தகத்தின் முன்மாதிரியும் உள்ளே இருந்தது. அட்டையில் அதே படம். பழைய பத்திரிகையில் காதுப்பக்கம் ஏதோ கறை என்று நினைத்து, கணினியில் திருத்திக் காதை முழுதாக்கியிருந்தார்கள்.

கிழவர் அதைக் கண்ணுக்குக் கிட்டப் பிடித்துப் பார்த்தார்.

"காது முளைச்சிட்டுது," என்றார்.

கமலாம்பிகை அக்கா எட்டிப் பார்த்தார். "பப்பூ, இது நீங்களோ? வடிவான காது."

"நானில்லை. ஸ்ரெலியோஸ்."

அன்று அவர் வெங்காயம் உரிக்கவில்லை. படத்தை மடியில் வைத்துக்கொண்டிருந்தார். பின்னேரம் ஜேசுரட்ணம் அண்ணையைக் கூப்பிட்டார்.

"டேய் ஜேசு. காட் இருக்கோ?" கழக அட்டையைத்தான் அப்படிச் சொன்னார்.

"இருக்கு பப்பூ. மாதாவுக்குப் பின்னால."

"அவள் வரேக்க காட்ட வேணும். எனக்கு மைதானம் வேண்டாம். கிண்ணம் வேண்டாம். படத்துக்குக் கீழ ஒரு வரி. ஓடினது பந்தெலிஸ் எண்டு ஒரு வரி போட்டால் காணும்."

"போடுவினம் பப்பூ. போடாமல் விடேலாது. உங்கட மூஞ்சைதானே அதில இருக்கு."

அண்ணை இதை மனதாரத்தான் சொன்னார். நான் பக்கத்தில் நின்றேன்.

டிமித்ரா வருவதாகச் சொன்னது மாசி மாதம் ஒரு திங்கட்கிழமை. திங்களில் உணவகம் பூட்டு. மாதத்தில் ஒரு திங்கள் நாங்கள் வந்து அடுப்பின் புகைக்கூடும் குளிரறையும் கழுவுவோம். அன்று அந்தத் திங்கள்தான். காலையில் உள்ளே போனபோது சுவர் வெறுமையாக இருந்தது. படமும் இல்லை, இலை வளையமும் இல்லை, கேடயமும் இல்லை. ஆணி மட்டும் நின்றது. ஜேர்மன்காரருக்கு மாட்டிய பொய்யை ஊர்க்காரி பார்க்கக்கூடாது. கிழவர் சொல்லப்போகும் உண்மை ஜேர்மன்காரருக்குத் தெரியவரக்கூடாது. வாங்கெலிஸுக்கு இரண்டும் வேண்டியிருந்தது.

கிழவர் சுவரைப் பிடித்துப் பிடித்துப் படியிறங்கி வந்தார். வெள்ளைச் சேட்டு, கழுத்துப்பட்டி. ஆனால் வாய் உள்ளே போயிருந்தது.

"பல்லெங்க பப்பூ?" என்று கேட்டார் கமலாம்பிகை அக்கா.

அவருக்குக் கேட்கவில்லை. அக்கா தன் பல்லைத் தொட்டுக் காட்டினார். கிழவர் வாயையும் காதையும் தொட்டு, பிறகு மாடியைக் காட்டிக் கையை விரித்தார். கழுவித் தருகிறேன் என்று வாங்கெலிஸ் காலையிலேயே பல்லையும் காதுக்குப் போடும் மெசினையும் எடுத்துக்கொண்டு போயிருந்தான்.

நான் குளிரறைக் கதவின் இறப்பரைத் துடைத்துக்கொண்டிருந்தேன். உள்ளே ஜேசுரட்ணம் அண்ணை இறைச்சிப் பெட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தார். வாங்கெலிஸ் என்னைத் தாண்டி உள்ளே போனான். என்னைப் போன்றவர்கள் நிற்கும் இடத்தில் ஆட்கள் தயங்காமல் பேசுவார்கள்.

"கிழவர் உன்னட்ட ஒரு காட் தந்திருக்கிறாராம்."

அண்ணை அடுத்த பெட்டியைத் தூக்கி வைத்தார்.

"கள்ளப் பெயரில் ஓடினதைப் பற்றித்தானே இண்டைக்குக் கதை? நல்லது. ஒருத்தற்ற கள்ளப் பெயரைக் கதைச்சால் எல்லாற்ற கள்ளப் பெயரையும் கதைப்பம். மிஸ்டர் சேவியர். வெளிநாட்டவர் அலுவலகம் பத்து நிமிச நடை. உன்ர பாஸ்போட்டும் போகும், பிள்ளையின்ர பாஸ்போட்டும் போகும்."

"முப்பத்திநாலு வருசம் உங்களோட வேலை செய்யிறன்," என்றார் அண்ணை.

"அதுதான் முதலே சொல்லுறன்."

அவன் வெளியே வந்து, ஓரமாக நின்ற என் வாளியைக் காலால் சுவரோடு தள்ளிவிட்டுப் போனான். சிறிது நேரம் கழித்து அண்ணை வந்தார். முகம் ஈரமாக இருந்தது. குளிரறையில் முகம் ஈரமாகாது. என்னைப் பார்க்காமல் வேலையாட்களின் கழிவறைப் பக்கம் போனார்.

டிமித்ரா பதினொரு மணிக்கு வந்தார். முப்பத்தைந்து வயதிருக்கும். மரியாதையான பெண். கிழவரின் கையை இரண்டு கையாலும் பிடித்தார். மேசையில் ஒலிப்பதிவுக் கருவியை வைத்தார். சமையலறைக்கும் சாப்பாட்டறைக்கும் இடையிலிருக்கும் கோப்பை நீட்டும் சாளரத்தால் நாங்கள் பார்த்துக்கொண்டிருந்தோம். பேச்சு கிரேக்கத்தில். ஜேசுரட்ணம் அண்ணைக்கு அது விளங்கும். எனக்கும் அக்காவுக்கும் அரைகுறை. ஆனால் அதை விளங்க மொழி தேவைப்படவில்லை.

கிழவர் பல்லில்லாத வாயால் வேகமாகச் சொன்னார். எச்சில் தெறித்தது. டிமித்ரா முன்னால் குனிந்து என்ன என்று கேட்டார். கிழவருக்குக் கேள்வி கேட்கவில்லை. வேறு ஏதோ பதில் சொன்னார். பக்கத்திலிருந்த வாங்கெலிஸ் தகப்பனின் தோளைத் தடவிவிட்டுப் பெண்ணுக்கு மெதுவாக எதையோ சொன்னான். விரலால் தன் நெற்றியைத் தொட்டான். டிமித்ரா தலையை ஆட்டினார். அவர் கண்ணில் வந்த இரக்கத்தைக் கிழவர் கண்டுகொண்டார். மேசையைத் தட்டினார். தன் கிழிந்த காதைப் பிடித்து இழுத்துக் காட்டினார். பிறகு எழுந்து சுவரைக் காட்டினார். அங்கே ஆணி.

"நாய் கடிச்ச காது எண்டு சொல்லுறான்," என்று அண்ணை எங்களுக்கு முணுமுணுத்தார். "சின்ன வயசில நாய் கடிச்சதாம். ஆறு மாசமா நினைவு தடுமாறுதாம். தான்தான் ஸ்ரெலியோஸ் எண்டு சொல்லத் தொடங்கியிருக்கிறாராம்."

"நீங்கள் போங்கோ அண்ணை," என்றார் கமலாம்பிகை அக்கா. "காட்டைக் கொண்டேக் குடுங்கோ. உதென்ன நிண்டுகொண்டு?"

அண்ணை நின்றார். அப்போது கிழவர் சாளரத்தின் பக்கம் திரும்பினார்.

"ஜேசு! காட்!"

அது எல்லோருக்கும் விளங்கியது. டிமித்ராவும் திரும்பிப் பார்த்தார். வாங்கெலிஸ் கதிரையில் சாய்ந்துகொண்டு அண்ணையையே பார்த்தான்.

"எந்தக் காட், பப்பூ?" என்றார் ஜேசுரட்ணம் அண்ணை.

அவர் அதைச் சத்தமாகத்தான் சொன்னார், காது கேளாத மனுசனுக்கு விளங்கட்டும் என்பதுபோல. கிழவர் அவருடைய வாயசைவைப் பார்த்தார். இன்னொருமுறை கேட்கவில்லை. கதிரையில் போய் இருந்தார். டிமித்ரா கருவியை நிறுத்தி, எழுந்து, கிழவரின் தலையில் முத்தமிட்டுவிட்டுப் போனார். வாங்கெலிஸ் கார்வரை கூடப் போய் வழியனுப்பிவிட்டு வந்து, பல்லைக் கண்ணாடித் தம்ளரோடு கொண்டுவந்து தகப்பனுக்கு முன்னால் வைத்தான்.

பின்னேரம் நான் வேலையாட்களின் கழிவறையைத் துடைக்கப் போனேன். கிண்ணத்துக்குள் மஞ்சளாய் ஒரு கடதாசித் துண்டு ஒட்டியிருந்தது. தடித்த பழைய அட்டை. அரை முத்திரை தெரிந்தது. மற்றதெல்லாம் தண்ணீரோடு போயிருந்தது. காலையில் குளிரறையிலிருந்து நேரே இங்கே வந்தவர், கிழவர் கேட்பதற்கு முன்பே அதைக் கிழித்துப் போட்டிருக்கிறார். பேர்லின் ஸ்ரேசனில் செய்ததை அவருடைய கை திரும்பச் செய்திருக்கிறது. எங்கள் ஆட்களுக்கு அது பழக்கம்: அதிகாரி வருமுன் கடதாசி போய்விட வேண்டும். அந்தத் துண்டை வெளியே எடுக்கலாம் என்று ஒரு கணம் நினைத்தேன். பிறகு தண்ணீரை இழுத்துவிட்டேன்.

கிழவருக்கு அட்டை போய்விட்டது தெரியாது. அண்ணை பயத்தில் மறைத்துவிட்டார் என்றுதான் நினைத்தார். அதற்குப் பிறகும் பியர்ப் பெட்டியில் வந்து இருந்தார். ஆனால் அண்ணை எதைக் கேட்டாலும் அவரிடம் ஒரே பதில்தான்.

"பப்பூ, அந்த வெங்காயத்தைத் தாங்கோ."

"எந்த வெங்காயம்?"

"பப்பூ, கோப்பி குடிச்சிட்டீங்களோ?"

"எந்தக் கோப்பி?"

ஒருநாள் அண்ணையின் சேட்டில் நெருப்புப் பொறி விழுந்தது. "பப்பூ, அந்தத் துணியை எடுங்கோ, கெதியா!" என்று கத்தினார். கிழவர் துணியைக் கையில் வைத்துக்கொண்டே, "எந்தத் துணி?" என்றார். அண்ணையின் கைமூட்டில் இன்றும் அந்த அடையாளம் இருக்கிறது. கமலாம்பிகை அக்கா முதலில் இதற்குச் சிரித்தார். பிறகு சிரிப்பதை விட்டார்.

சித்திரை கடைசியில் கிழவருக்கு மூச்சு முட்டி ஆஸ்பத்திரியில் போட்டார்கள். பல்லும் மெசினும் கையோடு இருந்தன. அங்கே மகன் இல்லை. மகனை உள்ளே விட வேண்டாம் என்று அவரே தாதியிடம் சொல்லி, வரக்கூடியவர்கள் என்று இரண்டு பெயரை எழுதிக் கொடுத்திருந்தார். நாங்கள் கழுவ வந்திருந்த ஒரு திங்கட்கிழமை அண்ணையின் கைத்தொலைபேசிக்கு எடுத்தார். அண்ணை அதை எல்லோருக்கும் கேட்கும்படி போட்டார்.

"ஜேசு. கோபமில்லை. கேள்." மூச்சு வாங்கினார். "டிமித்ராவோட கதைச்சனான். ரெண்டு மணித்தியாலம். பாலத்தில சப்பாத்து அறுந்தது, செயலாளர் அரைமூடை மா தந்தது, எல்லாம் சொன்னன். அவளுக்கு இப்ப சந்தேகம் வந்திட்டுது. புத்தகம் இன்னும் அச்சுக்குப் போகேல்லை. ஏதாவதொரு கடதாசி இருந்தால் காணும், பெயரை மாத்துவன் எண்டு சொல்லுறாள். வியாழக்கிழமை இஞ்ச வாறாள். நீ வரத் தேவையில்லை அவளுக்கு முன்னால. புதன்கிழமை வந்து காட்டை என்ர கையில தந்திட்டுப் போ. உன்ர பெயர் வராது. விளங்குதோ?"

"ஓம் பப்பூ," என்றார் அண்ணை.

செவ்வாய் பின்னேரம் லவினியா தகப்பனைக் கூட்டிப்போக வந்தாள். அவள் ஒரு வழக்கறிஞரின் அலுவலகத்தில் வேலை செய்கிறாள். பின்வாசலில், குப்பைத் தொட்டிக்குப் பக்கத்தில் நின்று அண்ணை அவளிடம் எல்லாவற்றையும் சொன்னார். சேவியர் கதையும் அவளுக்கு அன்றுதான் முழுதாகத் தெரியவந்தது.

"அப்பா, நீங்கள் எப்ப சிற்றிசன் எடுத்தனீங்கள்?"

"ரெண்டாயிரத்து நாலு."

"இருவது வருசம். பத்து வருசம் தாண்டினால் திருப்பி எடுக்கேலாது. பொய் சொல்லி எடுத்திருந்தாலும் ஏலாது. எங்கட அலுவலகத்தில ஒவ்வொரு மாசமும் ஆரும் ஒராள் இதைக் கேட்டுக்கொண்டு வருவினம். ஒரு சொல்லு என்னட்டக் கேட்டிருக்கலாமே?"

"உனக்கும் போகும் எண்டவன்."

"எனக்கு என்ன போகும்? நான் இஞ்ச பிறந்தனான், அப்பா."

அண்ணை குப்பைத் தொட்டியின் மூடியைத் திறந்தார், மூடினார். பிறகு, குப்பை கொட்ட வந்து நின்ற என்னிடம் திரும்பினார். "தங்கச்சி, நாளைக்கு நீயும் வா. எனக்குத் தனியப் போகேலாது."

புதன்கிழமை போனோம். கிழவர் முகம் சவரம் செய்திருந்தார். மூக்கில் காற்றுக் குழாய். எங்களைக் கண்டதும் வலது கையை நீட்டி உள்ளங்கையை மேலே விரித்தார்.

"குடு."

"இல்லை பப்பூ."

"வீட்டிலயோ? போய் எடுத்துக்கொண்டு வா. பொழுதிருக்கு."

"வீட்டிலயும் இல்லை. கிழிச்சுப்போட்டன். அண்டைக்கே. நீங்கள் கேக்க முதலே."

கை கொஞ்ச நேரம் அப்படியே விரிந்திருந்தது. பிறகு அதைப் போர்வைக்கு மேலே வைத்தார்.

"ஏன்?"

"உங்கட மகன் என்ர பெயரைச் சொல்லிக் குடுப்பன் எண்டவன். பாஸ்போட் போகும் எண்டவன்."

"போகுமோ?"

அண்ணை என்னைப் பார்த்தார். நான் நிலத்தைப் பார்த்தேன்.

"போகாதாம். மகள் சொன்னவள். பத்து வருசத்துக்கு முன்னமே ஒருத்தருக்கும் ஒண்டும் செய்யேலாமப் போச்சாம்."

கிழவர் சிரித்தார். இருமல் வந்தது. இருமி முடித்துவிட்டும் சிரித்தார்.

"எனக்குப் பின்னால பொலிஸ் நிண்டது. உனக்குப் பின்னால ஒருத்தருமில்லை. ஒருத்தருமில்லாமல் ஓடியிருக்கிறாய், விசரா."

"மன்னியுங்கோ பப்பூ."

அவர் தலைமாட்டிலிருந்த மணியை அழுத்தினார். தாதி வந்தாள். "இந்த ஆளை எனக்குத் தெரியாது," என்றார் அவளிடம். நல்ல தெளிவான ஜேர்மனில் சொன்னார்.

தாதி கையிலிருந்த தாளைப் பார்த்தாள். "பந்தெலிஸ் ஐயா இரண்டு பேருக்கு மட்டும்தான் அனுமதி எழுதித் தந்திருக்கிறார். டிமித்ரா என்ற பெண், மற்றது ஜேசுரட்ணம் என்று ஒருவர்." அண்ணையைப் பார்த்தாள். "நீங்கள் ஜேசுரட்ணமா? அடையாள அட்டை இருக்கிறதா?"

அண்ணை பேர்ஸை வெளியே எடுத்திருந்தார். அடையாள அட்டை விரலிடுக்கில் பாதி தெரிந்தது. கிழவர் அவருடைய முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இல்லை," என்றார் அண்ணை. "நான் சேவியர்."

தாதி கதவைத் திறந்து பிடித்தாள். நாங்கள் வெளியே வந்தோம்.

வியாழக்கிழமை டிமித்ரா வந்துபோனதாகக் கேள்விப்பட்டோம். அங்கே என்ன நடந்தது என்று எங்களுக்குத் தெரியாது. கிழவர் அதற்குப் பிறகு பதினொரு நாள் இருந்தார். வைகாசியில் அடக்கம் செய்தார்கள். வாங்கெலிஸ் மலர்வளைய நாடாவில் ஒலிம்பிக் வளையங்கள் அச்சடித்திருந்தான். சுவரில் படம் திரும்பவும் ஏறியிருந்தது.

ஆனி கடைசியில் அந்தப் புத்தகம் தபாலில் வந்தது. அட்டையில் முழுக் காதோடு ஸ்ரெலியோஸ் குர்த்திஸ். வாங்கெலிஸ் அதை மேசையில் எறிந்துவிட்டுப் போக, கமலாம்பிகை அக்கா எடுத்துக்கொண்டு சமையலறைக்கு வந்தார்.

"அண்ணை, உங்களுக்குத்தானே அந்த எழுத்து வாசிக்க வரும். கிழவற்ற பெயர் எங்கயாவது கிடக்கோ பாருங்கோ."

அண்ணை கையைத் துடைத்துவிட்டு ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினார். கடைசிப் பக்கத்துக்கு வந்தபோது நின்றார். மிகச் சிறிய எழுத்தில் நாலு வரி. விரலை வைத்து வாசித்து எங்களுக்குத் தமிழில் சொன்னார்.

"குர்த்திஸின் வெற்றிகளைத் தன் கையெழுத்தால் உறுதிப்படுத்தித் தந்தவர், அவருடைய கழகத் தோழர் பந்தெலிஸ் சியாகாஸ், கெல்சென்கிர்ச்சன்."

"என்னண்டு?" என்றார் அக்கா. "ஓடினது அவன்தான் எண்டு இவரே எழுதிக் குடுத்திட்டாரோ?"

"ஓம்," என்றார் அண்ணை. "சொந்தப் பெயரில."